தூங்கும் வரிகளுக்கு நீலம்

கொஞ்ச காலம் முன்பு வரைக்கும் நாகலூரில் பஸ்ஸை விட்டு இறங்கி அன்பழகன் வீடு எது என்று கேட்டால், எந்த அன்பழகன் என்று உங்களையே திருப்பிக் கேட்பார்கள். பச்சக்காய் வீடு என்று கேட்டால் போதும். டீக்கடை ஐயாக்கண்ணு ஆற்றிக்கொண்டிருக்கிற டீயைக் கீழே வைத்துவிட்டு வழி சொல்வார். அதோடு விடவும் மாட்டார். அந்தப் பெயர் எப்படி வந்தது தெரியுமா என்று ஆரம்பிப்பார். மாரிசாமி பக்கத்தில் இருந்துவிட்டால், "மாரிசாமியண்ணா, நீங்களே சொல்லுங்க" என்று அவரிடம் தள்ளிவிடுவார். பெற்ற தகப்பன் வாயால் கேட்டால்தான் அந்தக் கதைக்கு ருசி என்பது டீக்கடையின் முடிவு.

மாரிசாமி அன்பழகனின் அப்பா. எஸ்டேட் வேலை. பேச்சில் அவரை மிஞ்ச எங்கள் ஊரில் ஆள் கிடையாது. அவர் சொல்லி வந்த கதை இதுதான். அன்பழகனுக்கு அப்போது ஒன்பது வயது, அரைப் பரீட்சை லீவு, காப்பிப் பழம் எடுக்கிற சமயம். லீவு விட்டால் பிள்ளைகள் அம்மாவுக்கு ஒத்தாசையாகக் காட்டுக்குள் போவது அப்போது எங்கள் பக்கம் சகஜம். அவனும் ஒரு கூடையைத் தூக்கிக்கொண்டு போனான். சாயங்காலம் எடை போடுகிற இடத்தில் கூடையைக் கவிழ்த்தால் பாதி பழம், பாதி பச்சைக் காய்! சிவந்த பழத்தை மட்டும் பறிக்க வேண்டும், காய் கலந்தால் காப்பி கெட்டுப்போகும் என்பது எங்கள் மலையில் பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரியும். "என்ன மாரிசாமி, மாட்டுக்குத் தீவனம் பறிச்சுட்டு வந்திருக்கானா உன் மகன்?" என்று கணக்கு எழுதுகிற எஸ்டேட் ரைட்டர் எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டார். மாரிசாமிக்கு மானம் போயிற்று. பையனைத் தரையில் உட்கார வைத்து, காய் வேறு பழம் வேறாகப் பிரித்து வைத்துவிட்டுத்தான் எழுந்திருக்க வேண்டும் என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு நடையைக் கட்டினார். எல்லாரும் வீடு போய்ச் சேர்ந்து, சோறாக்கித் தின்று முடித்தும் பையனைக் காணோம். தேடிக்கொண்டு போனால் இருட்டில் அங்கேயேதான் உட்கார்ந்திருக்கிறான்.

"ஒவ்வொரு பழமா கையில எடுத்து வெச்சுக் கொஞ்சிட்டு இருக்கறானுங்க மகராசன்!" என்று கதையை முடிப்பார் மாரிசாமி. கையில் இல்லாத ஒரு பழத்தை விரலால் தடவிக் காட்டுவார். டீக்கடை குலுங்கிச் சிரிக்கும்.

அந்தக் கதைக்கு நான் ஒருநாளும் சிரித்ததில்லை. எனக்குச் சிரிப்பு லேசில் வராது, கோபம்தான் மூக்கு நுனியில் நிற்கும் என்று வீட்டில் சொல்வார்கள். நான் ஷெர்லின். சர்ச்சுக்குக் கீழே எங்கள் வீடு. ஏற்காடு டவுனில், ஒரு பேக்கரிக்கு மேல் மாடியில் இருக்கிற சின்ன ஆபீஸில் புரோகிராம் எழுதுகிறேன். லாட்ஜ்களுக்கு ரூம் புக்கிங் சாஃப்ட்வேர் செய்து தருவது எங்கள் பிழைப்பு. அன்பழகன் சேலத்தில் படித்து முடித்த கையோடு அங்கேதான் வந்து சேர்ந்தான். எனக்குப் பக்கத்து நாற்காலி. போவதும் வருவதும் ஒரே பஸ்.

பச்சக்காய் என்று பேரெடுத்தவன் கவனமில்லாத ஆளாகத்தானே இருக்க வேண்டும்? நானும் பார்த்தேன், பார்த்தேன், அப்படி ஒன்றும் என் கண்ணில் படவில்லை. பூட்டைப் பூட்டிவிட்டு இழுத்துப் பார்ப்பான், படியிறங்கிவிட்டுத் திரும்ப ஏறி வந்து இன்னொரு தரம் இழுப்பான். ஒரு மெயில் அனுப்புவதற்கு முன் வாய்க்குள் ஒரு தரம், வாய்விட்டு ஒரு தரம் படிப்பான். தக்காளி வாங்கப் போனால் டாக்டர் வயிற்றை அமுக்குகிற மாதிரி ஒவ்வொன்றாக அமுக்கிப் பார்த்து, காய்கறிக் கடை சாந்தியிடம் வாங்கிக் கட்டிக்கொள்வான். "ஏண்டா இப்படி உயிரை வாங்கறே?" என்று ஒருநாள் நானே கத்திவிட்டேன்.

"நமக்குக் கவனம் பத்தாதுங்க்கா," என்றான். "சின்னதுல இருந்தே அப்படித்தான். மூணாங்கிளாஸ்ல மரத்துக்கு இலையெல்லாம் மரக்கலருலயே அடிச்சு வெச்சு டீச்சர்கிட்டக் குட்டு வாங்குனேன். அதான், எதையும் ரெண்டு தரம் பாத்துக்கறது."

அவனும் அந்தக் கதையை நம்பியிருந்தான். ஊர் சொன்னது போதாதென்று அவனே தனக்கு அந்தப் பெயரைச் சூட்டிக்கொண்டு, அதற்குப் பயந்து பயந்து வாழ்ந்துகொண்டிருந்தான். எனக்கு அதுதான் பொறுக்கவில்லை.

இந்த இடத்தில் எங்கள் ஆபீஸ் வழக்கம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். புரோகிராம் எழுதுகிற எடிட்டரில் எல்லா வரியும் ஒரே நிறத்தில் இருக்காது. எந்த வரி எந்த வகை என்று பார்த்ததும் தெரிவதற்காக எடிட்டரே நிறம் பிரித்துக் காட்டும். எதற்கு என்ன நிறம் என்பது நம் இஷ்டம், மாற்றி வைத்துக்கொள்ளலாம். எங்கள் முதலாளி பாக்கியநாதன் சாருக்கு அதில் ஒரு பித்து. ஒரு மழைக்காலம் முழுக்க ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, தானே ஒரு நிற வரிசை தயாரித்து, அதற்குக் 'காப்பிக் காடு' என்று பெயரும் வைத்தார். கறுப்புத் திரை. வேலை செய்கிற வரிகளுக்குப் பழச் சிவப்பு. தூங்குகிற வரிகளுக்குக் காய்ப் பச்சை. கண்ணை உறுத்தாமல் இருக்க இரண்டையும் ஒரே அளவுக்கு மங்கலாக்கியிருந்தார். ஆபீஸில் எல்லாரும் அதைத்தான் வைத்துக்கொள்ள வேண்டும். அவர் யார் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தாலும் ஒரே மாதிரி தெரிய வேண்டும், அது சட்டம்.

தூங்குகிற வரிகள் என்றால் என்ன என்று கேட்பீர்கள். எங்களுக்குப் பழையதை அழிக்கிற பழக்கம் இல்லை. லாட்ஜ்காரர் இன்றைக்கு ஒன்றை மாற்றச் சொல்வார், சீசன் முடிந்ததும் பழையபடியே இருக்கட்டும் என்பார். அதனால் பழைய வரிகளை அழிக்காமல் மேலே ஒரு குறி, கீழே ஒரு குறி போட்டு அடைத்துவிடுவோம். கம்ப்யூட்டர் அந்த இரண்டு குறிகளுக்கும் நடுவில் இருப்பதைப் படிக்காமல் தாண்டிப் போய்விடும். இதற்குத்தான் தூங்க வைப்பது என்று பேர். வருஷக்கணக்கில் தூங்க வைத்ததில் பக்கம் பக்கமாகத் தூங்கின. அந்தத் தூக்கத்துக்கு நடுவில் வந்து நிற்பவனுக்கு மேல் குறியும் தெரியாது, கீழ்க் குறியும் தெரியாது. நிறம் ஒன்றுதான் அடையாளம்.

கோடை விழா சமயத்தில்தான் வினை வந்தது. கிளியூர்ப் பக்கம் ஒரு லாட்ஜில், இரண்டு பேர் ஒரே நொடியில் பதிவு செய்தால் ஒரே ரூம் இரண்டு பேருக்கும் போய்விடுகிற கோளாறு இருந்தது. எப்போதும் வராது, எப்போதாவது வந்து போக்குக் காட்டும். அதைச் சரி செய்யும் வேலை அன்பழகனுக்கு. அவன் வழக்கம்போல இரண்டு தரம் என்ன, நாலு தரம் பார்த்து, திருத்தி, சோதித்தும் பார்த்தான். கோளாறு வரவில்லை. அனுப்பிவிட்டோம். விழா தொடங்கிய வெள்ளிக்கிழமை மத்தியானம், நல்ல மழையில், நாமக்கல்லிலிருந்து வந்த ஒரு குடும்பமும் ஓசூரிலிருந்து வந்த ஒரு குடும்பமும் ஒரே ரூம் வாசலில் பெட்டியோடு நின்றன. லாட்ஜ்காரர் போனில் போட்ட சத்தம் கீழே பேக்கரி வரைக்கும் கேட்டிருக்கும்.

பாக்கியநாதன் சார் வந்து அன்பழகன் திரையைப் பார்த்தார். நெற்றியில் அடித்துக்கொண்டார். "தூங்கறவனுக்கு மருந்து ஊத்தி வெச்சிருக்கியேப்பா! முழிச்சிட்டிருக்கறவன் நோயோட அப்படியே நிக்கறான்!"

உண்மைதான். திருத்தம் முழுவதும் தூங்குகிற பழைய வரிகளுக்குள் இருந்தது. அதற்குக் கீழே இருந்த, வேலை செய்கிற வரிகளில் ஒரு புள்ளிகூட மாறவில்லை. எப்போதாவதுதான் வருகிற கோளாறு, அவன் சோதித்தபோது வராமல் போக்குக் காட்டியிருக்கிறது, அவ்வளவுதான்.

அன்பழகன் திரையைப் பார்த்தான். "இது தூங்குதுங்களா சார்?" என்று கேட்டான்.

அவன் உண்மையிலேயே கேட்டான். சாருக்கு அது நக்கலாகப் பட்டது. "மார்ச்சுலயும் இதே வேலைதான் பண்ணுன. அப்பப் பொறுத்தேன். திங்கக்கிழமை நான் பக்கத்துல உக்காந்து பாக்கறேன், சரி பண்ணு. இன்னொரு தரம் இப்படி ஆச்சுன்னா வேற எடம் பாத்துக்க. கவனம் இல்லாதவனை வெச்சு நான் கடை நடத்த முடியாது."

அவர் கெட்டவர் இல்லை. ஆனால் வேறு எந்த வார்த்தை சொல்லியிருந்தாலும் அவன் தாங்கியிருப்பான். சாயங்காலம் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தவன் வாயைத் திறக்கவில்லை. நாகலூரில் இறங்கியதும் ஐயாக்கண்ணு, "என்ன பச்சக்காய், மூஞ்சி தொங்குது?" என்றார். நான் அவரை ஒரு முறை முறைத்தேன். அன்பழகன் சிரித்தான்.

"பேரு சரியாத்தானுங்க்கா வெச்சிருக்காங்க," என்றான் என்னிடம். "சார் இன்னிக்குச் சொன்னதை இவங்க அன்னிக்கே கண்டுபிடிச்சுட்டாங்க."

எனக்கு அழுகை வந்தது. அதை மறைக்க அவனையே திட்டிவிட்டு வீட்டுக்குப் போனேன்.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்ததும் நேராக அவன் வீட்டுக்குப் போனேன். திங்கட்கிழமைக்கு முன் ஒரு தரம் உட்கார்ந்து பார்த்துவிடலாம் என்று நினைப்பு. அன்பழகன் கட்டிலில் உட்கார்ந்திருந்தான், எதிரே பிளாஸ்டிக் நாற்காலியில் ஆபீஸ் லேப்டாப். அம்மா அருக்காணி எனக்கு டீ போட எழுந்தார். மாரிசாமி வாசலில் உட்கார்ந்து அரிவாள் தீட்டிக்கொண்டிருந்தார்.

"வா சாமி," என்றார் மாரிசாமி. "வேலைக்கு வேட்டு வெச்சுக்கிட்டு வந்து உக்காந்திருக்கறான் பாரு. காட்டுல பண்ணுனதை ஆபீஸ்லயும் பண்ணியிருக்கறான். அன்னிக்குக் கூடையைக் கவுத்தா..."

"அண்ணா, அந்தக் கதை எனக்கு மனப்பாடம்," என்று வெட்டினேன். அவர் விடுகிற ஆளா? ரைட்டர் கேட்டது வரைக்கும் சொல்லிவிட்டுத்தான் ஓய்ந்தார். அன்பழகன் தலையைக் குனிந்து திரையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

நான் அவன் பக்கத்தில் உட்கார்ந்தேன். "சரி, தூங்கறது எங்க முடியுது, காட்டு."

அவன் திரையை மேலே மேலே தள்ளிக்கொண்டு போனான். மேல் குறியைக் கண்டுபிடித்தான். அங்கிருந்து வரி வரியாக விரலை வைத்துக்கொண்டு, உதடு அசைய, கீழே இறங்கி வந்தான். எனக்குப் பொறுமை போயிற்று. "எதுக்குடா மேல போயிட்டு வர்றே? பச்சை எங்க நிக்குதுன்னு பாத்தாத் தெரியலையா?"

"பச்சை எதுங்க்கா?"

வாய்க்கு வந்ததைச் சொல்லப் போனேன். அதற்குள் மாரிசாமி அரிவாளைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்து, எங்கள் தலைக்கு மேலே குனிந்தார். "இதென்னடா கேள்வி? இதா, கீழ பூராப் பழம். இந்த வரியில இருந்து மேல காய். கைநாட்டுக்காரன் எனக்கே தெரியுது, கம்ப்யூட்டர் படிச்ச உனக்குத் தெரியலையா?"

அவர் விரல் மிகச் சரியான இடத்தில் நின்றது. அன்பழகன் அந்த விரலுக்கு மேல் வரியையும் கீழ் வரியையும் மாறி மாறிப் பார்த்தான். முகத்தைத் திரைக்குப் பக்கத்தில் கொண்டுபோனான். பிறகு அப்பாவை நிமிர்ந்து பார்த்தான்.

"இந்த ரெண்டும் வேற வேற கலருங்களா, அப்பா?"

மாரிசாமியின் முகத்தில் பாதிச் சிரிப்பு அப்படியே நின்றது. டீ டம்ளரோடு வந்த அருக்காணிதான் முதலில் வாய் திறந்தார்.

"கண்ணு, தக்காளியை நீ ஏன் அமுக்கி அமுக்கிப் பாக்கற?"

"பழுத்திருக்குதான்னு பாக்கறதுக்குத்தானம்மா." அவன் குழம்பிப்போய்ச் சொன்னான். "எல்லாரும் அப்படித்தானே பாப்பாங்க? அமுக்காம வேற எப்படித் தெரியும்?"

அருக்காணி டம்ளரைத் தரையில் வைத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டார். மாரிசாமி துண்டை எடுத்துத் தோளில் போட்டார். யாரிடமும் ஒன்றும் சொல்லாமல், செருப்புக்கூடப் போடாமல் வெளியே போனார். அன்றைக்கு நான் கிளம்புகிறவரை அவர் திரும்பி வரவில்லை.

சில பேருக்குச் சிவப்பும் பச்சையும் பிரிந்து தெரியாது என்று நான் எங்கேயோ படித்திருக்கிறேன். பக்கத்து நாற்காலியிலேயே ஒருவன் அப்படி உட்கார்ந்திருப்பான் என்று எனக்கு எப்படித் தெரியும்? பிற்பாடு சேலத்தில் ஒரு கண் டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போனார்கள். புள்ளி புள்ளியாக எண் எழுதிய அட்டையைக் காட்டிப் பார்த்துவிட்டு, பிறவியிலேயே இருப்பது, கூடவும் கூடாது குறையவும் குறையாது, பெரும்பாலும் அம்மா வழியில் வரும் என்று அவர் சொன்னார். அருக்காணியின் அண்ணன் மணியையும் அந்தக் காலத்தில் பழம் எடுக்க லாயக்கில்லை என்று களை வெட்ட அனுப்பிவிட்டார்களாம். அவரும் சோம்பேறி என்றே பெயர் வாங்கிக்கொண்டு போய்ச் சேர்ந்துவிட்டார்.

அது பிற்பாடு. அந்த ஞாயிற்றுக்கிழமை நான் அவன் முதுகில் ஒன்று வைத்து, "உனக்குக் கவனம் கம்மியில்லடா, பைத்தியக்காரா. கண்ணுல ரெண்டு கலர் கம்மி. அவ்வளவுதான்!" என்றேன். கண்ணாடி போட்டிருந்தால் கழற்றித் துடைத்திருப்பான், அதுவும் இல்லை. முகத்தைச் சட்டைக் கையால் துடைத்துக்கொண்டான்.

நிறங்களை வைத்திருக்கிற ஃபைலைத் திறந்தேன். எந்த வகை வரிக்கு எந்த நிறம் என்று அதில் வரிசையாக எழுதியிருக்கும். நிறத்தின் குறியை மாற்றினால் திரை மாறிவிடும். சட்டம் தெரியும்தான். சட்டத்தைத் திங்கட்கிழமை பார்த்துக்கொள்ளலாம் என்று தோன்றியது. தூங்குகிற வரிகளுக்கு முதலில் ஆரஞ்சு வைத்தேன். "அதேதானுங்க்கா," என்றான். ஊதா வைத்தேன். கொஞ்சம் தெரிகிறது, ஆனால் கறுப்புத் திரையோடு ஒட்டிக்கொள்கிறது என்றான். அருக்காணி உள்ளே போய் ஒரு மஞ்சள் சேலையையும் ஒரு நீலச் சேலையையும் கொண்டுவந்து கட்டிலில் போட்டார். "இது ரெண்டும் தெரியுதா சாமி?"

"இது நொம்ப நல்லாத் தெரியுதும்மா!"

அப்புறம் வேலை வேகமாக நடந்தது. வேலை செய்கிற வரிகளுக்கு மஞ்சள். தூங்குகிற வரிகளுக்கு வான நீலம். அது போதாது என்று தூங்குகிற எழுத்துகளைக் கொஞ்சம் சாய்த்தும் வைத்தான், படுத்திருக்கிற மாதிரி. எல்லாம் முடிந்ததும் ஃபைலை மேலிருந்து கீழே மெல்ல ஓட்டிக்கொண்டு போனான். நீலம், நீலம், நீலம், நடுவில் ஒரு துண்டு மஞ்சள், மறுபடியும் நீலம். பாதி வழியில் கை நின்றது.

"இவ்வளவு தூங்குதுங்களா?" என்றான். என் பக்கம் திரும்பி, "ஏனுங்க்கா, நீங்க எல்லாரும் எப்பவுமே இப்படித்தான் பாத்துட்டிருந்தீங்களா?"

ஆமாம் என்று தலையாட்டினேன். கையில் வரைபடத்தைக் கொடுத்துவிட்டு அவனை மட்டும் கண்ணைக் கட்டி நடக்கவிட்டிருக்கிறோம், தடுக்கி விழுந்ததற்குத் திட்டியும் இருக்கிறோம். அப்படி நடந்தும் அவன் இவ்வளவு தூரம் வந்திருக்கிறான் என்பதுதான் ஆச்சரியம்.

திங்கட்கிழமை பாக்கியநாதன் சார் சொன்னபடி நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தார். திரையைப் பார்த்ததும் முகம் சுருங்கியது. "இதென்னப்பா, கல்யாண வீட்டு சீரியல் லைட்டாட்டம்? 'காப்பிக் காடு' எங்க?"

நான் வாயைத் திறந்தேன். அன்பழகன் கையைக் காட்டி என்னை நிறுத்தினான்.

"எனக்குச் சிவப்பும் பச்சையும் ஒண்ணாத்தான் தெரியுதுங்க சார். நேத்துத்தான் எனக்கே தெரிஞ்சுது. உங்க கலருல தூங்கற வரியும் முழிச்சிருக்கற வரியும் எனக்கு ஒரே வரிங்க. இதுல நல்லாப் பிரிஞ்சு தெரியுது. இதைத்தான் நான் வெச்சுக்குவனுங்க." நிற்காமல் சொல்லி முடித்தான்.

இதைக் கேட்ட எந்த மனிதனும் அடுத்து என்ன செய்வானோ அதையே சாரும் செய்தார். மேஜையிலிருந்த ஃபைல் அட்டையைத் தூக்கிக் காட்டி, "இது என்ன கலர்?" என்றார். பிறகு பேனா மூடி. பிறகு என் துப்பட்டா. அவன் சொன்ன பதிலில் ஒன்று சரி, இரண்டு தப்பு. சார் நம்ப முடியாமல் பார்த்தார்.

"அப்ப சேலம் போனா சிக்னல்ல என்ன பண்ணுவ?"

"மேல எரிஞ்சா நிக்கணும், கீழ எரிஞ்சாப் போகணுமுங்க சார். எடத்தை வெச்சுத்தான்."

சார் மவுஸைத் தன் பக்கம் இழுத்து, வெள்ளிக்கிழமை அவன் தூங்குகிற வரிகளுக்குள் எழுதி வைத்திருந்த திருத்தத்தை எடுத்து, அப்படியே கீழே, மஞ்சளுக்குள் போட்டார். ஒரே நொடியில் நூறு பதிவு வருகிற மாதிரி ஒரு சோதனை வைத்து ஓட்டச் சொன்னார். ஓட்டினோம். ஒரு ரூம்கூட இரண்டு பேருக்குப் போகவில்லை. இன்னொரு தரம் ஓட்டினோம், அப்போதும் போகவில்லை. அவன் எழுதியதில் ஒரு எழுத்துகூடத் தப்பில்லை.

"மருந்து சரியாத்தான் இருந்திருக்கு," என்றார் சார், தனக்குத்தானே. எழுந்து நாற்காலியை இழுத்த இடத்தில் திரும்ப விட்டார். "ஆனா சட்டம் சட்டம்தான். என் ஆபீஸ்ல ஆளுக்கொரு கலரு கெடையாது. எல்லாருக்கும் ஒண்ணுதான்."

எனக்கு மூக்கு நுனியில் ஏறிவிட்டது. "சார், இவ்வளவு சொன்னதுக்கு அப்பறமும்..."

"ஏம்மா, முழுசாக் கேளு. இன்னிக்கு மத்தியானத்துக்குள்ள எல்லாரும் இவன் கலருக்கு மாறிக்கங்க. நானுந்தான்." அறைக் கதவுவரை போனவர் திரும்பி, "அந்த மஞ்சளைக் கொஞ்சம் கம்மி பண்ணுப்பா, கண்ணு கூசுது," என்றார்.

ஒரு மழைக்காலம் முழுக்கச் செய்த 'காப்பிக் காடு' அதோடு தூங்கப் போயிற்று. அழிக்கவில்லை, எங்களுக்குத்தான் அழிக்கிற பழக்கம் கிடையாதே. எனக்கு ஒரு வாரம் தலைவலி, அதை ஒளிப்பானேன். இப்போது வேறு நிறத்தில் பார்த்தால்தான் தலைவலி.

அன்று சாயங்கால பஸ்ஸில் அவன் ஏற்காட்டிலிருந்து நாகலூர் வரைக்கும் பேசிக்கொண்டே வந்தான். இறங்கும்போது டீக்கடை பெஞ்சில் மாரிசாமி உட்கார்ந்திருந்தார். மகன் வருகிற பஸ்ஸுக்காக அவர் காத்திருந்து நான் பார்த்ததில்லை. கையில் இருந்த டீ ஆடை கட்டிக் கிடந்தது. பக்கத்தில் சரக்கு ஏற்ற வந்த வெளியூர் லாரி டிரைவர் ஒருவர் வடை தின்றுகொண்டிருந்தார்.

"வா, பச்சக்காய்!" என்றார் ஐயாக்கண்ணு.

டிரைவர் நிமிர்ந்து பார்த்தார். "இதென்னங்க பேரு?"

"அதுக்கு ஒரு கதை இருக்குதுங்க. மாரிசாமியண்ணா, நீங்களே சொல்லுங்க."

மாரிசாமி டிரைவர் பக்கம் திரும்பவில்லை. மகனைப் பார்த்தார். "கண்ணு, வேலை என்னாச்சு?"

"இருக்குதுங்கப்பா. என்ற கலரையே சார் எல்லாருக்கும் வெச்சுட்டாருங்க."

அவர் தலையாட்டினார். அதைக் கேட்கத்தான் காத்திருக்கிறார் என்று நினைத்தேன். அதற்கில்லை.

"அன்னிக்குப் பிரிச்சு வெக்கச் சொல்லிட்டு நான் பாட்டுக்கு ஊட்டுக்கு வந்துட்டனே," என்றார். "காய் எது, பழம் எதுன்னு உனக்குத்தான் தெரியாதே சாமி. எப்படிப் பிரிச்ச?"

டீக்கடையில் எல்லாரும் பார்க்கிறார்கள் என்று அவனுக்குக் கூச்சம்.

"ஒவ்வொண்ணா அமுக்கிப் பாத்தனுங்கப்பா. மெத்துனு இருந்தாப் பழம். கெட்டியா இருந்தாக் காய்."

"கூடை பூராவுமா?"

"ஆமாங்கப்பா."

"சரியாப் பிரிச்சுட்டியா?"

"அது தெரியலைங்க. நீங்க வந்ததும் ரெண்டையும் ஒண்ணாக் கொட்டிட்டு என்னைக் கூட்டிட்டுப் போயிட்டீங்க. பாக்கலைங்களே."

மாரிசாமி டீ டம்ளரைப் பெஞ்சில் வைத்தார். மகனின் வலது கையை எடுத்து, விரல் நுனிகளைத் தன் கட்டை விரலால் தடவினார். கதை முடிவில் எல்லாரையும் சிரிக்க வைப்பாரே, அதே தடவல்தான். இந்தத் தரம் கையில் ஒரு விரல் நிஜமாகவே இருந்தது. பிறகு டிரைவர் பக்கம் திரும்பினார்.

"ஒம்பது வயசுப் பையனுங்க," என்றார். "ஒரு கூடைக் காப்பிப் பழத்தை, இருட்டுல தனியா உக்காந்து, கையால அமுக்கிப் பாத்தே பிரிச்சு வெச்சிருந்தான். நான் அதைத் திரும்பிக்கூடப் பாக்காமக் கொட்டிட்டனுங்க. கொட்டுனதும் இல்லாம இத்தனை வருஷமா ஊரு பூராச் சொல்லிச் சிரிச்சனுங்க. இதுதான் கதை."

யாரும் சிரிக்கவில்லை. டிரைவர் வடையை வாய்க்குக் கொண்டுபோகாமல் கையிலேயே வைத்திருந்தார். ஐயாக்கண்ணு பாய்லர் பக்கம் திரும்பி நின்று, வழக்கத்தைவிட அதிக நேரம் ஒரு டீயை ஆற்றினார். அதை அன்பழகனிடம் நீட்டியவர் வாய்வரைக்கும் வந்த பெயரை விழுங்கிக்கொண்டு திணறினார்.

"ஏன் சாமி," என்று மெல்லக் கேட்டார், "உன்ற பேரு என்ன?"

"அன்பழகனுங்க," என்றார் மாரிசாமி.